மேஜிக்காரர்களுக்காக நிறுத்தி வைத்த தறி

எனக்கு எழுத்து சரியாக வராது. ஐந்தாம் வகுப்போடு நின்றவள். காலும் கொம்பும் விட்டுப்போகும். ஒன்றைச் சொல்ல வந்து இன்னொன்றுக்குப் போய்விடுவேன். மறதியும் சேர்ந்துகொண்டது. படிப்பவர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும். நாலு பேர் நடுவில் வாய் திறக்கவும் எனக்குக் கூச்சம். அதனால்தான் என் நாத்தனார் மகள் ஒரு நோட்டு வாங்கிக் கொடுத்து, "பேச வரலன்னா எழுது அத்தை" என்றாள். அவள் கல்யாணத்துக்கு முன்னால் எங்கள் வீட்டில் நடந்த சினிமா கூத்தைத்தான் எழுதச் சொன்னாள்.

எங்கள் வீடு காஞ்சிபுரத்தில் நெசவாளர் தெருவில் இருக்கிறது. உள்ளே நுழைந்ததும் ஒரே ஒரு கூடம். கூடத்தை முக்கால்வாசி தறி அடைத்துக்கொண்டிருக்கும். பின்னால் அடுப்படி, அதற்கும் பின்னால் கொல்லை. தெருவில் மற்ற வீடுகளில் குழியை மூடிவிட்டு இரும்புச் சட்டத்தில் தறி போட்டுவிட்டார்கள். எங்கள் வீட்டில் இன்னமும் குழித்தறி. தரையில் உட்கார்ந்து காலைக் குழிக்குள் தொங்கவிட்டு, கீழே இருக்கிற மிதியை மிதித்து நெய்ய வேண்டும். அந்தக் குழிக்காகத்தான் படக்காரர்கள் வந்தார்கள்.

அவர்கள் எடுத்தது இரண்டு மேஜிக்காரர்கள் கதை. ஒருத்தன் மேடையில் ஒரு வித்தை செய்தால், அடுத்த ஊரில் மற்றவன் அதையே இரண்டு மடங்காகச் செய்து காட்டுவான். ஒருத்தன் பெட்டிக்குள் என்ன வைத்திருக்கிறான் என்று மற்றவன் திருட்டுத்தனமாகப் போய்ப் பார்ப்பான். இப்படியே பகை முற்றி, ஒரு நாள் ஒருத்தன் தப்பி ஓடிவந்து நெசவாளி வீட்டுக்குள் நுழைந்து தறிக்குழியில் இறங்கி மறைந்துவிடுவான். பின்னாலேயே துரத்திவந்த மற்றவன் குனிந்து பார்த்தால் குழி காலி. அந்தக் காட்சிதான் எங்கள் வீட்டில்.

என் வீட்டுக்காரருக்குத் தலைகால் புரியவில்லை. இத்தனை வருடம் பட்டு நெய்தவரை ஒருவரும் சார் என்று கூப்பிட்டதில்லை. டைரக்டர் இவர் கையைப் பிடித்துத் திருப்பிப் பார்த்து, "சார், இந்தக் கைக்கு மட்டும் தனியா ஒரு ஷாட் வைக்கிறேன்" என்றதும் நீட்டிய தாளில் கையெழுத்துப் போட்டுவிட்டார். படம் பிடித்து முடிகிற வரைக்கும் கூடத்தில் ஒரு பொருளையும் நகர்த்தக்கூடாது என்று அந்தத் தாளில் இருந்தது. மூன்று நாள் வேலை என்றார்கள். மூன்று நாள்தானே என்று நானும் இருந்துவிட்டேன்.

அப்போது தறியில் இருந்தது சாதாரணப் புடவை இல்லை. நாத்தனார் மகளுக்குத் தாய்மாமன் சீர்ப் புடவை. அரக்கு உடல், பச்சைக் கரை, பச்சை முந்தானை, உடல் முழுக்க மாங்காய் பூ. கல்யாணத்துக்கு முதல் நாள் காலையில் நலங்கு வைக்கும்போது பெண் அதைத்தான் உடுத்த வேண்டும். எங்கள் உறவில் மாமன் புடவையைக் கடையில் எடுப்பது கிடையாது. மாமன் வீட்டுத் தறியில் நெய்து, மாமன் கையால் அறுத்து, மாமன் தட்டில் வைத்துக் கொடுக்க வேண்டும். மாப்பிள்ளை வீடு ஐயம்பேட்டை, அவர்களும் நெசவாளிகள். புடவையைக் கையில் வாங்கினால் முதலில் பின்பக்கத்தைத் திருப்பிப் பார்க்கிறவர்கள். பாதிப் புடவை நெய்து முடித்திருந்தோம். நலங்குக்கு நான்கு வாரம் இருந்தது.

படம் பிடிக்க வந்த அன்று ஜன்னலை எல்லாம் கறுப்புத் துணியால் மூடி, உள்ளே பெரிய பெரிய விளக்கு வைத்தார்கள். தார் சுற்றுகிற ராட்டினத்தின் முன்னால் என்னை உட்காரவைத்தார்கள். பாவுக்குக் குறுக்கே ஓடுகிற நாடாவுக்குள் வைக்கிற குச்சியில் நூல் சுற்றுவதுதான் அது, தினமும் செய்கிற வேலை. ஆனால் இருபது பேர் பார்க்கும்போது கை நடுங்குகிறது. "நீங்க எதையும் பார்க்கலம்மா, நூல் சுத்திக்கிட்டே இருங்க, அவ்வளவுதான்" என்றாள் கையில் போன் வைத்திருந்த ஒரு பெண். அவள்தான் எது எங்கே இருக்கிறது என்று படம் பிடித்து வைத்துக்கொள்கிறவள். பொட்டு அப்படியே இருக்கிறதா, முந்தானை அப்படியே விழுகிறதா என்று வந்து வந்து சரிபார்ப்பாள். காலையில் உட்கார்ந்தவள் மதியச் சாப்பாட்டுக்குத்தான் எழுந்தேன். தண்ணீர் கேட்கக்கூட வெட்கமாக இருந்தது. கால் மரத்து, எழுந்திருக்கும்போது சுவரைப் பிடித்துக்கொண்டேன்.

மேஜிக்காரர் மறைந்த விதத்தையும் பார்த்தேன். கறுப்புக் கோட்டு போட்ட நடிகர் ஓடிவந்து குழியில் இறங்கினார். முழங்கால் ஆழக் குழியில் ஆறடி ஆள் எப்படி மறைவார்? "கட்" என்றார்கள். அவர் வெளியே வந்து மடக்கு நாற்காலியில் உட்கார்ந்து இளநீர் குடித்தார். "ஆக்‌ஷன்" என்றார்கள். காமிரா காலிக் குழியைப் பிடித்தது. இவ்வளவுதான். நடுவில் எதுவும் அசையக்கூடாது, அசைந்தால் வித்தை கெட்டுவிடும்.

துரத்திவருகிற மற்ற மேஜிக்காரர் மறுநாள் வர வேண்டியவர். வரவில்லை. கதையில் பகையாளியாக நடிக்கிறவர்கள் நிஜத்திலும் பகையாகிவிட்டார்களாம். கோட்டு யாருடையது நன்றாக இருக்கிறது என்று ஆரம்பித்ததாக ஒருவர் சொன்னார், போஸ்டரில் யார் முகம் பெரிது என்று இன்னொருவர் சொன்னார். அவர் சென்னைக்குப் போய்விட்டார். சமாதானம் பேசிக் கூட்டிவருகிறோம், அதுவரைக்கும் எதையும் தொடாதீர்கள் என்று சொல்லிவிட்டு, விளக்கை எடுத்துக்கொண்டு, கறுப்புத் துணியை விட்டுவிட்டுப் போனார்கள்.

அதன்பிறகு எங்கள் வீடு எங்கள் வீடாக இல்லை.

தரையில் கலர் கலராக டேப் ஒட்டியிருந்தார்கள். அதை மிதிக்காமல் சுவரோரமாக நடந்தால்தான் அடுப்படிக்குப் போகலாம். எண்ணெய்ச் சீசாவை எடுத்தால் அதே இடத்தில், மூடி அதே பக்கம் பார்க்க வைக்க வேண்டும். கூடத்தைப் பெருக்கக்கூடாது, உதிர்ந்த நூல் துண்டெல்லாம் காமிராவில் விழுந்திருக்கிறதாம். அன்றைக்கு நான் கட்டியிருந்த நீலப் புடவையைத் துவைக்கக்கூடாது. அவர்கள் எப்போது வேண்டுமானாலும் வருவார்கள் என்று தினமும் காலையில் குளித்துவிட்டு அதையே எடுத்துக் கட்டிக்கொள்வேன். நான்காம் நாள் அதன் வாசனை எனக்கே பிடிக்கவில்லை. சுவரில் தினசரிக் காலண்டர் தாளைக் கிழிக்கக் கூடாது. வெளியே நாள் போய்க்கொண்டிருந்தது, எங்கள் கூடத்தில் மட்டும் ஒரே செவ்வாய்க்கிழமை. பகலிலும் இருட்டு. அந்த இருட்டில் உட்கார்ந்து, நலங்குக்கு இன்னும் எத்தனை நாள் என்று விரல் விட்டு எண்ணுவேன்.

சாயங்காலம் ஐந்து மணிக்கு அந்தப் பெண் வீடியோ காலில் வருவாள். இவர் போனைப் பிடித்துக்கொண்டு ஒவ்வொரு மூலையாகக் காட்டுவார். ராட்டினம், அலமாரி, காலண்டர், கடைசியில் தறி. "சூப்பர் ஐயா, அப்படியே மெயின்டெய்ன் பண்ணுங்க" என்பாள். இவருக்கு முகம் மலர்ந்துவிடும்.

ஒரு நாள் நான் மெதுவாகக் கேட்டேன். "ஏங்க, பொடவை..."

"தெரியும். சொன்ன சொல்லுன்னு ஒன்னு இருக்குதில்ல. இன்னைக்கோ நாளைக்கோ வந்துடுவாங்க."

"வரலன்னா?"

"நீ ஒன்னு. வாயை வச்சிக்கினு சும்மா இரு."

நான் வைத்துக்கொண்டுதான் இருந்தேன். தனியாகத் தறியில் உட்காரவும் முடியாது. கரையும் உடலும் வேறு வேறு நிறமாக இருக்கிற புடவைக்கு இரண்டு ஆள் வேண்டும். குழியில் கால் வைத்து ஒருவர், பக்கத்தில் உட்கார்ந்து ஓரக் கரையின் நாடாவை வாங்கித் திருப்பிப் போட ஒருவர். கல்யாணமாகி வந்த நாளிலிருந்து நான் அந்தப் பக்கத்து ஆள். அவர் உட்கார்ந்தால்தான் எனக்கு வேலை.

படக்காரர்கள் போய்ப் பத்து நாள் கழித்து நாத்தனார் வந்தாள். அவருடைய கடைசித் தங்கை. இரண்டு தெரு தள்ளி இருக்கிறாள். அவளுக்கும் எனக்கும் அவ்வளவாக ஒத்துவராது. அவள் பேசினால் தெருவுக்கே கேட்கும், நான் பேசினால் எனக்கே கேட்காது. வந்தவள் வாசலிலேயே நின்றுவிட்டாள்.

"இன்னா அண்ணி இது, உன் வூட்ல நீயே செவுரோரமா பல்லியாட்டம் போய்க்கினு இருக்கே?"

"டேப்பை மிதிக்காம வாம்மா."

"டேப்பாவது ஒன்னாவது. பொடவை எவ்ளோ ஆச்சி?"

அவள் தறியைப் பார்த்தாள். நெசவாளி வீட்டில் பிறந்தவளுக்குச் சொல்ல வேண்டியதில்லை, தறியில் நீளவாட்டில் கட்டிய பாவு நூல் மேலே தூசி படிந்திருந்தது.

"அந்த மேஜிக்காரன் மறைஞ்சானோ இல்லையோ, எம்பொண்ணு பொடவை மறைஞ்சிபோச்சி" என்றாள். பிறகு குரல் இறங்கிவிட்டது. "ஐயம்பேட்டைக்காரங்க மாமன் தட்டுல கடைப் பொடவையைப் பார்த்தா இன்னா சொல்லுவாங்க? மாமனுக்கு இஷ்டமில்லாத கல்யாணம்னு சொல்லுவாங்க. அண்ணன் எங்கே?"

"லாட்ஜுக்குப் போயிருக்காரு. அவங்க ஆள் ரெண்டு பேர் பஸ் ஸ்டாண்டுகிட்ட தங்கி இருக்காங்க. காலைல போனா சாப்பாட்டுக்குத்தான் வருவாரு."

அவள் அழுவாள் என்று நினைக்கவில்லை. அழுதாள். அழுதுகொண்டே டேப்பை மிதித்து நடந்துபோய், நான் எப்போதும் உட்காருகிற ஓரத்தில் உட்கார்ந்தாள். நாடாவை எடுத்து முந்தானையால் துடைத்தாள்.

"குழியில எறங்கு அண்ணி."

"நானா?"

"பின்னே, காலண்டரா எறங்கும்?"

குழியில் கால் விட்டு உட்கார்ந்து எத்தனை வருடம் ஆகியிருக்குமோ. அம்மா வீட்டில் இருந்தபோது நெய்தது. முட்டி வலித்தது. முதல் மிதியில் தறி போட்ட சத்தத்துக்கு நானே பயந்துவிட்டேன். பிறகு தெருவில் பத்துத் தறி ஓடுகிற சத்தத்தில் இதுவும் கலந்துவிட்டது.

நெய்யலாம், சாயங்காலம் ஐந்து மணிக்கு என்ன செய்வது? தறியில் கண்ணுக்குத் தெரிகிற துணி இரண்டு முழத்துக்கும் குறைவுதான். மீதி எல்லாம் மடிக்கு முன்னால் இருக்கிற படைமரத்தில் சுருண்டிருக்கும். நெய்ய நெய்யச் சுற்றிக்கொண்டே போவோம். இவர் வீட்டில் விட்டுப்போகிற இன்னொரு போனில் அந்தப் பெண் அனுப்பிய படம் இருந்தது. அதை எடுத்து உற்றுப் பார்த்தேன். தெரிகிற துணியில் இரண்டு வரிசை மாங்காய் முழுதாக, மூன்றாவது வரிசை பாதி. அப்போதுதான் எனக்குப் புரிந்தது. எத்தனை வரிசை நெய்தாலும் சரி, நிறுத்துகிறபோது இரண்டரை வரிசை தெரிகிற மாதிரி நிறுத்திவிட்டால், தறி நெய்யாத தறி மாதிரியே இருக்கும்.

சொன்னதும் நாத்தனார் வாயில் கை வைத்தாள். "அடி அண்ணி! ஊமையாட்டம் இருந்துக்கினு இன்னா வேலை பண்றே!"

அன்று ஒரு வரிசை. பாதி மாங்காயில் ஆரம்பித்துப் பாதி மாங்காயில் நிறுத்தினோம். பாவு மேலே தூசி போய்விட்டது என்று அடுப்பு மேடையிலிருந்து கொஞ்சம் சாம்பலை எடுத்து ஊதிவிட்டாள் நாத்தனார். அது எனக்குப் பிடிக்கவில்லை, பட்டாச்சே, ஆனால் சும்மா இருந்தேன். ஐந்து மணிக்கு இவர் போனைக் காட்டும்போது நான் அடுப்படிக் கதவோரம் நின்று பார்த்தேன். "சூப்பர் ஐயா" என்றாள் அந்தப் பெண்.

அதிலிருந்து தினமும் அவர் தலை மறைந்ததும் நாத்தனார் வந்துவிடுவாள். வேகம் வந்தபிறகு ஒரு நாளில் இரண்டு வரிசை. எவ்வளவு அவசரம் என்றாலும் பாதி மாங்காய் வராமல் நிறுத்த முடியாது. ஒரு நாள் அவர் சாப்பாட்டுக்குச் சீக்கிரம் வந்துவிட்டார். வாசலில் செருப்பு விடுகிற சத்தம் கேட்டது. நான் குழிக்குள், முட்டி மடங்கவில்லை, எழுந்திருக்க வரவில்லை. நாத்தனார்தான் வாசலுக்கு ஓடி, "அண்ணா, தலைவலி மாத்திரை ஒன்னு வாங்கியாயேன், உயிர் போவுது" என்று திருப்பி அனுப்பினாள். மீதி அரை மாங்காயை நாங்கள் நெய்து முடிப்பதற்குள் எனக்கு உயிர் போய் வந்தது. வீட்டுக்காரருக்குத் தெரியாமல் ஒளிந்து நெய்கிற நிலைமை எந்தப் பொம்பளைக்காவது வந்திருக்குமா என்று தெரியவில்லை.

இப்படி ஒளிந்து நெய்த நான்காம் நாளோ ஐந்தாம் நாளோ, டீக்கடையில் ஒருவர் இவரைக் கேட்டிருக்கிறார். "இன்னாப்பா, நீ இங்க டீ குடிச்சிக்கினு இருக்கே, உன் தறி அங்க ஓடிக்கினு இருக்குது. நீயும் மேஜிக் கத்துக்கினியா?"

இவர் நேராக வந்தார். நாங்கள் பார்க்கவில்லை. தறியின் அந்தப் பக்கம் வந்து நின்றபிறகுதான் நாத்தனார் கையில் நாடா நின்றது. எனக்குக் குழியை விட்டு எங்கேயும் போக வழியில்லை. அடிப்பார் என்று நினைக்கவில்லை, அவர் அப்படிப்பட்டவர் இல்லை. ஆனால் அந்தப் பெண்ணுக்குப் போன் போட்டுச் சொல்லிவிடுவார் என்று நினைத்தேன்.

அவர் குனிந்து துணி மேல் கையை வைத்தார். இப்படியும் அப்படியும் தடவிப் பார்த்தார். ரொம்ப நேரம் தடவினார்.

"கரைப் பக்கம் யாரு, நீயா?" என்றார் தங்கையிடம்.

"ஆமாண்ணா."

"இழுத்துப் புடிக்காதே. கரை சுருங்குது." பிறகு என் பக்கம் பார்க்காமல், "அடி ஒன்னு கனமா விழுது, ஒன்னு லேசா விழுது" என்றார். "நான் இதுல கை வைக்கல. எனக்கு ஒன்னும் தெரியாது" என்று சொல்லிவிட்டு மறுபடியும் டீக்கடைக்கே போய்விட்டார்.

நாத்தனார் என்னைப் பார்த்தாள், நான் அவளைப் பார்த்தேன். அதன்பிறகு ஒவ்வொரு இழையையும் நான் ஒரே கனமாக அடித்தேன்.

ஆனாலும் இது எங்கே போய் முட்டும் என்று எனக்குத் தெரிந்தே இருந்தது. அரக்கு உடல் முடிந்துவிட்டால் அடுத்தது பச்சை முந்தானை. அங்கே எங்கள் வித்தை செல்லாது. அரக்குப் பாவு நூலை அறுத்து, அதன் ஒவ்வொரு இழையோடும் ஒரு பச்சை இழையைச் சேர்த்து விரலால் முறுக்கி இணைக்க வேண்டும். ஆயிரக்கணக்கான இழை. அதை மறைக்க முடியாது. நலங்குக்கு ஆறு நாள் இருக்கும்போது உடல் முடிந்தது. சென்னையிலிருந்து அந்த நடிகர் இன்னும் வரவில்லை. இரண்டு பெண்களும் முடிந்துபோன அரக்கின் முன்னால் உட்கார்ந்திருந்தோம். அறுத்தால் அவர் சொன்ன சொல் போச்சு. அறுக்காவிட்டால் பெண்ணுக்கு மாமன் புடவை இல்லை.

கத்தரிக்கோலை நான்தான் எடுத்தேன். நாத்தனார் ஒன்றும் பேசவில்லை. அவள் பேசாமல் இருந்து நான் பார்த்தது அன்றுதான்.

இணைக்க இரண்டு நாள் ஆனது. முதல் நாள் ஐந்து மணிக்குப் போன் வந்தபோது தறியில் பாதி சிவப்பு, பாதி பச்சை, நடுவில் தொங்குகிற இழைகள். இவர் ராட்டினத்தைக் காட்டினார், அலமாரியைக் காட்டினார், காலண்டரை ரொம்ப நேரம் காட்டினார்.

"ஐயா, தறி?"

"தறிக்கு இன்னாம்மா, தறி தறியாட்டம்தான் இருக்குது."

"கொஞ்சம் கிட்ட காட்டுங்க ஐயா."

"சார்ஜ் இல்லம்மா" என்று அணைத்துவிட்டார். அணைத்துவிட்டு என்னைப் பார்க்காமல் கொல்லைக்குப் போனார். இவர் பொய் சொல்லி நான் பார்த்ததில்லை. அதுவும் என்னால் வந்தது என்று நெஞ்சுக்குள் ஒரு பக்கம் உறுத்தியது. மறுநாளும் சார்ஜ் இல்லை. அதற்கு மறுநாள் அவர் போனையே எடுக்கவில்லை.

நலங்குக்கு முதல் நாள் காலை. முந்தானை இன்னும் ஒரு சாண் பாக்கி. வாசலில் வேன் வந்து நின்றது.

எல்லோரும் வந்துவிட்டார்கள். டைரக்டர், காமிராக்காரர்கள், அந்தப் பெண், சென்னைக்குப் போயிருந்த நடிகர், புதிதாகச் சிவப்புக் கோட்டு போட்டுக்கொண்டு. சமாதானம் ஆகிவிட்டதாம். டைரக்டர் உள்ளே வந்து தறியைப் பார்த்தார்.

"யாருங்க இதைத் தொட்டது?"

என் வீட்டுக்காரர் சுவர்ப் பக்கம் திரும்பி நின்றார். டைரக்டர் அந்தப் பெண்ணிடம் திரும்பினார். "தினமும் செக் பண்ணேன்னு சொன்னியேம்மா? என்ன செக் பண்ணே? முன்னாடி எடுத்ததுல ரெட், இப்ப க்ரீன். உன்னை வச்சிக்கிட்டு நான் என்ன பண்றது? கிளம்பு நீ."

அந்தப் பெண் போனில் படத்தைத் தேடினாள். விரல் நடுங்கியது. இருபது பேர் பார்க்கும்போது கை நடுங்குவது எப்படி என்று எனக்குத் தெரியும். அவள் மாட்டிக்கொண்டது எங்களால்.

"அந்தப் பொண்ணு மேல தப்பில்லிங்க" என்றேன். என் குரல்தானா என்று எனக்கே சந்தேகமாக இருந்தது. "நாங்கதான் நெய்ஞ்சோம். அதுக்குத் தெரியாத மாதிரி நெய்ஞ்சோம்."

"தெரியாத மாதிரின்னா?"

இரண்டரை வரிசைக் கணக்கைச் சொன்னேன். பாதியில் வார்த்தை வரவில்லை, நாத்தனார்தான் கையை ஆட்டி ஆட்டிச் சொல்லி முடித்தாள். சிவப்புக் கோட்டு நடிகர் சிரித்துவிட்டார். டைரக்டர் சிரிக்கவில்லை.

"சரிம்மா. இன்னைக்கு மட்டும் நிறுத்துங்க. மேல ஒரு அரக்குத் துணியைப் போட்டு ஏதாவது பண்ணிக்கறோம். ரெண்டு நாள்."

"முடியாதுங்க" என்றேன்.

"ரெண்டே நாள்மா."

"நாளைக்குக் காலைல நலங்கு. இன்னைக்குப் பொழுது சாயறதுக்குள்ள அறுக்கணும்."

அதற்கு மேல் நின்று பேசினால் அழுதுவிடுவேன் என்று தெரிந்தது. அதனால் போய்க் குழியில் காலை விட்டு உட்கார்ந்துவிட்டேன். உட்கார்ந்துவிட்டால் எனக்கு எழுந்திருக்க நேரம் ஆகும், அது அவர்களுக்கும் தெரிந்திருக்கும். நாத்தனார் பக்கத்தில் உட்கார்ந்தாள். நாடாவைப் போட்டேன்.

யாரும் தடுக்கவில்லை. பிறகு டைரக்டர் மெதுவாக, "லைட் போடு. ஓடட்டும், நிறுத்தச் சொல்லாதே" என்றார். சிவப்புக் கோட்டு ஓடிவந்தது. மூச்சு வாங்கக் கூடத்தைச் சுற்றிப் பார்த்தது. நான் நிமிரவில்லை. அவர் குனிந்து, பகையாளி இறங்கி மறைந்த குழிக்குள் எட்டிப் பார்த்தார். அங்கே மிதி மேல் என் இரண்டு பாதம், பித்த வெடிப்போடு. அவர் அதையே பார்த்துக்கொண்டிருந்தார். எனக்குக் காலை இழுத்துக்கொள்ள வேண்டும் போலிருந்தது. இழுத்தால் இழை தப்பிவிடும். மிதித்துக்கொண்டே இருந்தேன். அந்தக் காட்சியை நான்கு தரம் எடுத்தார்கள். நான்கு தரமும் நாங்கள் நெய்துகொண்டுதான் இருந்தோம்.

"அண்ணன் வூட்டுப் பாவு செவப்புலருந்து பச்சையானா இன்னா சார், உங்க மேஜிக்காரன் மாத்திட்டான்னு போட்டுக்கோ" என்றாள் நாத்தனார், வேலை நடுவில். டைரக்டர் அதைக் காதில் வாங்கினாரா என்று தெரியவில்லை. அந்தப் பெண்ணை அவர் மறுபடியும் கிளம்பச் சொல்லவில்லை. அவள் போகும்போது என் தோளைத் தொட்டுவிட்டுப் போனாள்.

வெளிச்சம் இருக்கும்போதே முந்தானை முடிந்தது. இவர் கைகால் கழுவி, மஞ்சள் வைத்து, புடவையை அறுத்தார். அதைப் படைமரத்திலிருந்து பிரிக்கப் பிரிக்க நான் பார்த்துக்கொண்டே வந்தேன். நடுவில் ஓரிடத்தில் கோடு. தறி நாள்கணக்காக நின்றால், நின்ற இடத்தில் துணியில் குறுக்கே ஒரு கோடு விழும். தண்ணீர் தெளித்து நகத்தால் நீவிப் பார்த்தேன். போகவில்லை.

மறுநாள் தட்டில் வைத்துக் கொடுத்தோம். மாப்பிள்ளையின் அம்மா புடவையைப் பிரித்தாள், பின்பக்கம் திருப்பினாள், விரலை ஓட்டிக்கொண்டே வந்தாள். கோட்டில் விரல் நின்றது. நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். நெசவாளி வீட்டில் அத்தனை நாள் தறி நிற்பது சாவுக்குத்தான்.

"வூட்ல யாராவது...?" என்று மெதுவாகக் கேட்டாள். பக்கத்தில் இருந்த பெண்கள் எல்லாம் புடவையை எட்டிப் பார்த்தார்கள். நல்ல காரியத்துக்குச் சாவுத் தறியில் நெய்த புடவையா என்று அவர்கள் முகத்தில் எழுதி இருந்தது. நாத்தனார் என் முழங்கையைப் பிடித்துக்கொண்டாள்.

"சாவு இல்லிங்க" என்றேன். "சினிமா."

"சினிமாவா?"

"மேஜிக்காரங்க ரெண்டு பேருக்குள்ள சண்டை. அதனால எங்க தறி பதினோரு நாள் நின்னுபோச்சி."

அந்த அம்மா என்னையே பார்த்தாள். பிறகு என் பின்னால் நின்றிருந்த என் வீட்டுக்காரரைப் பார்த்தாள். அவர் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். "ஆம்பளைங்க சண்டைக்குத்தான் நம்ம தறி நிக்கும்" என்று சொல்லிச் சிரித்துவிட்டாள். புடவையை மடித்துப் பெண் கையில் கொடுத்தாள். அவள் கட்டிக்கொண்டு வந்து மணையில் உட்கார்ந்தபோது கோடு கொசுவத்துக்குள் போய்விட்டது. எனக்குத்தான் அது எங்கே இருக்கிறது என்று தெரியும். நலங்கு முடிகிறவரைக்கும் அந்த இடத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

படம் வந்துவிட்டது. நாத்தனார் மகள் டிவியில் போட்டுக் காட்டினாள். பாதம் வருகிறதா என்று கேட்காதீர்கள், அந்த இடம் வந்தபோது நான் அடுப்படிக்குப் போய்விட்டேன்.

இதைப் படிக்கிற நாத்தனார் மகளுக்கு ஒரு வேண்டுகோள். தறி நின்றது பதினோரு நாள் என்று எழுதியிருக்கிறேன், உன் மாமா ஒன்பது நாள் என்கிறார். உன் அம்மா வந்த நாளும் எனக்குச் சரியாக ஞாபகமில்லை. அந்தப் படக்காரப் பெண்ணின் நம்பர் உன்னிடம் இருக்கிறது, அவள் போனில் எல்லாப் படத்துக்கும் தேதி இருக்கும். கேட்டுச் சரிபார்த்து, தப்பு இருந்தால் அடித்து எழுதிவிடும்மா.